நாபோத்தின் தோட்டமும் நியாம்கிரி மலையும்



அரசர்கள் முதல் நூல் 21ஆம் அதிகாரத்தில் நாபோத்தைச் சந்திக்கிறோம். அரண்மனையை ஒட்டியிருந்த அவருடைய திராட்சைத் தோட்டத்தைக் காய்கறித் தோட்டமாக்க ஆகாபு அரசன் விரும்பினான். வேறு நல்ல தோட்டம், இல்லையேல் பணம் தருவதாகச் சொன்னான். நாபோத்து மறுத்தார். அது மூதாதையர் வழிவந்த உரிமைச் சொத்து; விலை பேசும் பொருள் அல்ல.

அடுத்து நடந்ததைக் கவனிப்போம். ஈசபேல் அரசி படையை ஏவவில்லை. அரச முத்திரையிட்ட மடல்களை அனுப்பினாள். ஊர்ப் பெரியோர் கூடினர். இருவர் பொய்ச்சாட்சி சொன்னார்கள். நாபோத்து கல்லெறிந்து கொல்லப்பட்டார். எல்லாம் சட்டப்படி நடந்ததுபோலவே தோன்றியது.

நாபோத்தைப் போன்றோர் நம் நாட்டிலும் உண்டு. ஒடிசாவின் நியாம்கிரி மலையில் வாழும் டோங்ரியா கோந்த் பழங்குடியினருக்கு அந்த மலைதான் ஊற்றுநீர், விளைநிலம், வழிபாட்டிடம். மலை உச்சியில் இருப்பதோ அலுமினியம் தரும் பாக்சைட். அதைத் தோண்டச் சுரங்கத் திட்டம் வந்தது. வழக்கு உச்ச நீதிமன்றம் சென்றது. அம்மக்களின் சமய, சமூக உரிமைகள் குறித்துக் கிராம சபைகளைக் கேட்க வேண்டும் என்று 2013 ஏப்ரல் 18 அன்று தீர்ப்பு வந்தது. 12 கிராம சபைகள் கூடின. பன்னிரண்டும் சுரங்கம் வேண்டாம் என்றன.

நாபோத்தின் ஊர்ப் பெரியோர் முத்திரைக்கு அஞ்சி வளைந்தார்கள். இந்த மலைவாழ் மக்கள் வளையவில்லை. வனத்தில் வாழ்வோருக்கு வரலாற்று அநீதி இழைக்கப்பட்டதை ஏற்றுக்கொண்ட 2006ஆம் ஆண்டின் வன உரிமைச் சட்டம் அவர்களுக்குத் துணை நின்றது. முத்திரை ஒன்றுதான்; அது ஏழையைக் கொல்லவும் கூடும், காக்கவும் கூடும்.

அன்பர்களே, நாம் யார் பக்கம்? நம் வீட்டுப் பாத்திரத்திலும் சன்னலிலும் அலுமினியம் இருக்கிறது. அது யாருடைய மலையிலிருந்து வந்தது என்று நாம் கேட்டதுண்டா? நம் பட்டாவைப் பெட்டியில் பூட்டி வைக்கிறோம். பட்டா இல்லாதவருக்கு நிலமே இல்லை என்று எளிதாகச் சொல்லிவிடுகிறோம். பழங்குடியினருக்கு நிலம் சந்தைப் பொருள் அல்ல, இறைவனும் முன்னோரும் தந்த கொடை என்று திருத்தந்தை பிரான்சிஸ் 2015இல் தம் சுற்றுமடலில் நினைவூட்டினார்.

நம் ஊரிலும் கிராம சபை கூடுகிறது. வீட்டில் இருந்துவிடாமல் போய் அமர்வோம். எளியவரின் நிலம் பற்றிப் பேச்சு எழும்போது மௌனம் காத்த பெரியோராக அல்ல, ஆகாபின் முன் நின்ற எலியாவாகப் பேச ஆண்டவரிடம் துணிவு கேட்போம். ஆமென்.