நாள் குறித்த வினையும் நற்றமிழ்க் காப்பும்

(பொழிவின் எழுத்து வடிவு)

 

கணிப்பொறியில் தமிழ் முழுமையாக இயங்க வேண்டும் என்பதில் இவ்வவையில் எவர்க்கும் மாறுபாடு இராது. ஆனால், அதனை இயக்குவோர் யாவர், எம்முறையில் இயக்குவர், எந்த நாளுக்குள் முடிப்பர் என்னும் வினாக்களை எழுப்புவோர் மிகச் சிலரே. மேடையில் முழங்கும் மொழிப்பற்று, வினைக்களத்தில் நாட்காட்டியைப் பார்ப்பதில்லை. அவ்வாறு பாராமையால் வரும் இழப்பு சிறிதன்று. அவ்விழப்பு எங்கே, எவ்வாறு நேர்கின்றது என்பதை விளக்கவே இப்பொழிவு எழுந்தது. அதனை உணர்வதற்குத் 'தெபியன்' என்னும் கட்டற்ற மென்பொருள் திட்டம் தன் புதுப்பதிப்பை அணியப்படுத்தி வெளியிடும் முறையை முதலில் அறிதல் வேண்டும்.

மென்பொருள் இருவகைப்படும். அடைத்து விற்கப்பெறுவது ஒன்று, கட்டற்றது மற்றொன்று. முன்னதன் நிரலை அதனை ஆக்கிய நிறுவனமன்றிப் பிறர் காணவியலாது. பின்னதன் நிரலை எவரும் படிக்கலாம், திருத்தலாம், படியெடுத்துப் பிறர்க்கு வழங்கலாம். முன்னதில் ஒரு மொழி இடம்பெற வேண்டுமாயின் நிறுவனத்தின் கதவைத் தட்ட வேண்டும். பின்னதிலோ கதவு திறந்தே கிடக்கின்றது. உழைப்போடு உள்ளே நுழைவார்தாம் வேண்டும்.

தெபியன் திட்டத்தை 1993 ஆகத்து 16ஆம் நாள் தொடங்கியவர் இயன் மர்டாக் என்பார். அமெரிக்காவின் இந்தியானா மாநிலத்துப் பர்டியூ பல்கலைக்கழகத்தில் அவர் அக்கால் மாணவர். தெபுரா என்னும் பெண்ணின் பெயரையும் தம் பெயரையும் இணைத்து அத்திட்டத்திற்குப் பெயர் சூட்டினார். அவர் 2015 திசம்பரில் மறைந்தார். 2017இல் வெளிவந்த 9ஆம் பதிப்பு அவர் நினைவுக்கே உரிமையாக்கப்பெற்றது. தொடங்கியவர் விலகியும், பின் மறைந்தும், அவர் தொடங்கிய வினை நிற்கவில்லை. பல நாடுகளிலும் பரவியுள்ள ஏறத்தாழ ஆயிரம் உறுப்பினரும் அவர்க்குத் துணைநிற்கும் எண்ணற்ற தொண்டரும் இன்றும் அதனை நடத்தி வருகின்றனர். அவர்களுக்கு முதலாளி இல்லை. அவர்தம் தலைவரை ஆண்டுதோறும் அவர்களே தேர்ந்தெடுக்கின்றனர். 1997ஆம் ஆண்டு அவர்கள் ஏற்றுக்கொண்ட குமுக உடன்படிக்கை, தம் மென்பொருள் என்றும் கட்டற்றே இருக்கும் என்றும், தம் குறைகளை மறைப்பதில்லை என்றும் உறுதி கூறுகின்றது. அதனால் அவர்தம் பிழைப்பட்டியல் எவரும் காணத் திறந்தே வைக்கப்பெற்றுள்ளது.

முதலாளி இல்லாத கூட்டத்தில் ஒழுங்கு எவ்வாறு வரும் என வினவுவார் உளர். அவர்கள் அவ்வொழுங்கைப் பட்டறிவால் கற்றனர். தெபியனுக்கு 1.0 என்னும் பதிப்பு இல்லை. 1995ஆம் ஆண்டின் இறுதியில், வட்டுகளில் மென்பொருளைப் பதிந்து விற்கும் ஒரு நிறுவனம், ஆக்கத்தில் இருந்த அரைகுறைப் பதிப்பை எடுத்து 1.0 எனப் பெயரிட்டு விற்றுவிட்டது. அந்த எண் பழுதுபட்டதென அறிந்த தொண்டர், தம் உண்மையான முதற்பதிப்பை 1996 சூனில் 1.1 என்றே வெளியிட்டனர். பதிப்பெண் என்பது பயன்படுத்துவார்க்குத் தரும் உறுதிமொழி என்பதை அவர்கள் அன்றே உணர்ந்தனர்.

இனி, அவர்தம் பணிமுறையைக் காண்போர், அதனை மூன்று கூடங்கள் உடைய ஒரு பட்டறையாகக் கருதலாம். முதற்கூடம் நிலையாப் பகுதி. புதிதாய் ஆக்கப்பெறும் பொதி ஒவ்வொன்றும் முதலில் அங்குத்தான் வரும். அங்கு, விரைவுத் தேவைக்கேற்ப 2 நாளோ, 5 நாளோ, 10 நாளோ தங்கிப் புதிய கடும்பிழை எதுவும் தோன்றாதாயின், அஃது இரண்டாங் கூடமாகிய ஆய்வுப் பகுதிக்குச் செல்லும். ஆய்வுப் பகுதி முதிர்ந்து செம்மையுற்ற பின்னரே மூன்றாவதாகிய நிலைத்த பகுதி என அறிவிக்கப்பெறும். அவ்வறிவிப்பே வெளியீடு.

பொறி முழுவதையும் முடக்குவது, பயன்படுத்துவோரின் கோப்புகளை அழிப்பது, களவுக்கு வழிதிறப்பது, திட்டத்தின் நெறிமுறையைக் கடுமையாய் மீறுவது ஆகிய பிழைகள் வெளியீட்டைத் தடுக்கும் பிழைகளாக எண்ணப்பெறும். அவை திருத்தப்பெறாவிடின், அப்பொதி ஆய்வுப் பகுதியினின்றே நீக்கப்பெறும். ஆக்கியவர் எத்துணைப் பெருமை உடையவராயினும் இந்நெறிக்கு விலக்குப் பெறுவது எளிதன்று.

வெளியீடு நெருங்குங்கால் 'உறைவு' தொடங்குகின்றது. 2025இல் வெளிவந்த 13ஆம் பதிப்பிற்கு அது நான்கு படிகளாக வந்தது. மார்ச்சு 15இல் பல பொதிகளை ஒருங்கே பாதிக்கும் பெருமாற்றங்கள் நிறுத்தப்பெற்றன. ஏப்பிரல் 15இல் புதுப்பொதிகளின் வரவு நின்றது. சிறு திருத்தங்கட்கே இடமிருந்தது. மே 15இல் இன்றியமையாப் பொதிகட்குக் கடுங்காவல் வந்தது. சூலை 27இல் எந்தப் பொதிக்கும் வெளியீட்டுக் குழுவின் இசைவு தனித்தனியே வேண்டும் என்னும் முழு உறைவு தொடங்கிற்று. ஆகத்து 9ஆம் நாள் பதிப்பு வெளிவந்தது. அதன்கண் 69,830 பொதிகள் இருந்தன. அவற்றுள் 14,100க்கும் மேற்பட்டவை புதியவை. பழையனவாகிப் பயனற்றுப் போன 8,840க்கும் மேற்பட்டவை அதற்குமுன் விலக்கப்பெற்றன.

இத்துணைப் பொதிகளையும் ஒருமுகப்படுத்தும் வெளியீட்டுக் குழுவினர் எண்ணிக்கையில் மிகச் சிலரே. அவர்தம் தலையாய பணி 'இல்லை' எனச் சொல்லுதல். ஒருவர் தம் பொதியில் ஓர் அழகிய மாற்றம் செய்துள்ளதாகவும் அதனை ஏற்குமாறும் வேண்டுவார். குழுவினர் பழைய நிரலுக்கும் புதிய நிரலுக்கும் உள்ள வேறுபாட்டை வரிவரியாய்ப் படிப்பர். அது கடும்பிழை ஒன்றைத் தீர்ப்பதாயின் இசைவர். அழகு கூட்டுவதாயின் அடுத்த பதிப்புக்குத் தள்ளுவர். மறுக்கப்பெற்றவர் வருந்துவார். ஆயினும், அம்மறுப்பு இல்லையெனில் எப்பதிப்பும் என்றும் முடிவுறாது.

முடிவுறாமையின் துன்பத்தையும் அவர்கள் பட்டறிந்தனர். 3.0 பதிப்பு 2002 சூலையில் வந்தது, 3.1 பதிப்போ 2005 சூனில்தான் வந்தது. நிறுவு கருவியைப் புதிதாய் ஆக்கியமையும், 11 வகைப் பொறிகட்கும் காவல் திருத்தங்களை ஆக்கித் தரும் ஏற்பாடு அணியமாகாமையும் அக்காலத்தாழ்ச்சிக்குக் கரணியங்கள். ஏறத்தாழ மூன்றாண்டுகள் பயன்படுத்துவோர் பழம்பதிப்போடு காத்திருந்தனர். அதன்பின் 2006இல், பணம் திரட்டி வெளியீட்டு ஒருங்கிணைப்பாளர் இருவர்க்கு ஊதியம் தந்து முழுநேரம் உழைக்கச் செய்யலாம் என ஒரு முயற்சி எழுந்தது. பலர் கூலியின்றி உழைக்கும் இடத்தில் இருவர்க்கு மட்டும் கூலியா என மனக்கசப்புற்ற தொண்டர் சிலர் தம் பணியைக் குறைத்துக் கொண்டனர். அவ்வாண்டுத் திசம்பரில் வரவேண்டிய 4.0 பதிப்பு 2007 ஏப்பிரலில்தான் வந்தது. பணம் கொண்டு நாளை வாங்கவியலாது என்பதும், தொண்டரின் உள்ளம் ஒருமித்தால்தான் வினை முடியும் என்பதும் அங்குத் தெளிவாயின.

இவ்விரு பாடங்களுக்குப் பின் அவர்கள் ஒரு நெறியை வழக்கமாக்கிக் கொண்டனர். உறைவு நாள் முன்கூட்டியே குறிக்கப்பெறும். எவரும் அதற்கேற்பத் தம் வேலையை வகுத்துக்கொள்ளலாம். வெளியீட்டு நாளோ கடும்பிழைகள் தீர்ந்த பின்னரே அறிவிக்கப்பெறும். இதன் பயன் கண்கூடு. 2005 முதல் 2025 வரை ஈராண்டுக்கு ஒன்றாகப் பதினொரு பதிப்புகள் வெளிவந்துள்ளன. காலமறிதல் என ஓர் அதிகாரத்தையே வள்ளுவர் தனியே வகுத்த மண்ணில் பிறந்தார்க்கு இதன் அருமையை விரித்துரைக்க வேண்டுவதில்லை.

இந்நெறியில் தமிழுக்குரிய இடம் யாது என்பதே இனி எண்ணத் தக்கது.

உறையும் பொருள்களுள் சொற்றொடர்களும் உண்டு. திரையில் தோன்றும் ஆங்கிலத் தொடர்கள் ஒரு நாளில் உறைய வைக்கப்பெறும். அன்றுமுதல் நிரலாளர் அவற்றை மாற்றார். மொழிபெயர்ப்போர் அசையாத நிலத்தில் நின்று தத்தம் மொழியில் அவற்றை ஆக்கி முடிப்பர். தெபியனின் நிறுவு கருவியில் பல்வேறு மொழிகளோடு தமிழும் இடம்பெற்றுள்ளது. எந்த அரசும் ஆணையிட்டு அவ்விடத்தைப் பெற்றுத் தரவில்லை. பெயர் விளம்பாத தொண்டர் சிலர் இரவில் விழித்திருந்து தொடர்தொடராய்ப் பெயர்த்துத் தந்த கொடை அது.

அக்கொடை ஒருமுறை தந்தால் முடிவதன்று. மொழிபெயர்ப்புக் கோப்பில் ஒவ்வோர் ஆங்கிலத் தொடரின் கீழும் அதன் தமிழ்த்தொடர் எழுதப்பெற்றிருக்கும். நிரலாளர் ஆங்கிலத்தொடரில் ஒரு சொல்லை மாற்றினும், அதன் தமிழ்த்தொடர் ஐயத்திற்குரியது எனக் குறியிடப்பெறும். எவரேனும் வந்து சரிபார்த்து அக்குறியை நீக்கும் வரை, திரையில் தமிழ் தோன்றாது, ஆங்கிலமே தோன்றும். ஆகலின், பத்தாண்டுகட்கு முன் முழுமையாய் நின்ற தமிழ், எவரும் கெடுக்காமலே, கவனிப்பாரின்மையால் மட்டும் பதிப்புக்குப் பதிப்புத் தேய்ந்து போகும். குனோம் என்னும் திரைமுகப்புத் திட்டத்திலோ நூற்றுக்கு எண்பது தொடர்கள் பெயர்க்கப்பெற்ற மொழியே அப்பதிப்பால் தாங்கப்பெறும் மொழியாகக் கணக்கில் கொள்ளப்பெறும். எழுபத்தொன்பதில் நிற்கும் மொழி அக்கணக்கில் ஏறாது.

உறைவு நாளைத் தவறவிட்ட தமிழ்த்தொடருக்குத் தெபியனில் அடுத்த நல்ல வாய்ப்பு ஈராண்டு கழித்து வரும். அதற்குள் ஒரு சிற்றூர்ப் பள்ளி மாணவி தன் பள்ளிக் கணிப்பொறியில் பாதித் தமிழும் பாதி ஆங்கிலமுமாய்த் திரையைக் காண்பாள். எளிய தொடர்கள் தமிழிலும், அரிய தொடர்கள் ஆங்கிலத்திலும் இருக்கக் கண்டு, அறிவுத்துறைக்குத் தமிழ் எட்டாது போலும் என அவள் முடிவு செய்வாள். அம்முடிவு பொய். ஆயினும், அப்பொய்யை அவள் நெஞ்சில் விதைத்தவர் அயலார் அல்லர். நாள் தவறிய தமிழரே.

இழப்பு ஒரு திட்டத்தோடும் நிற்பதில்லை. 2004இல் தோன்றிய உபுண்டு தெபியனின் மேல் கட்டப்பெற்றது. சென்னையிலுள்ள சி-டாக் நடுவம் 2007இல் வெளியிட்ட 'பாசு' இயங்குதளமும் தெபியனையே அடித்தளமாகக் கொண்டது. ஊற்றில் கலந்த நன்னீர் கால்வாய்தோறும் பாயும். ஊற்றில் இல்லாதது கால்வாயில் வாராது. தெபியனில் உரிய நாளில் சேர்ந்த ஒரு தமிழ்த்தொடர், தனியே மீண்டும் எழுதப்பெறாமலே பல தளங்களைச் சென்றடையும்.

இங்குத் தனித்தமிழ் அன்பர்க்கு ஒரு கடமை உண்டு. கசப்பாயினும் அதனைச் சொல்லியே ஆகல் வேண்டும். நல்ல சொல்லைத் தேர்வதில் அவர்க்குள்ள ஆர்வம் போற்றத் தக்கது. கோப்பு என்பதா கோவை என்பதா, கடவுச்சொல் என்பதா மறைச்சொல் என்பதா என்னும் ஆய்வு வீண் ஆய்வன்று. சொல் செப்பமாயின் கருத்தும் செப்பமாகும். ஆனால், அவ்வாய்வுக்கும் ஒரு பருவம் உண்டு. பெருமாற்றங்கட்கு இடமுள்ள காலத்தில் நிரலாளர் எவ்வாறு துணிந்து மாற்றுகின்றனரோ, அவ்வாறே அக்காலத்தில் சொல்லாய்வோர் துணிந்து ஆய்க, ஒருவரையொருவர் மறுக்க, முடிவில் ஒரு சொற்பட்டியலை எழுதிக் கையொப்பமிடுக. உறைவு வந்தபின் அப்பட்டியலே ஆணையாகுக. ஒரே திரையில் ஒரு பொருளுக்கு இருவர் இருவேறு சொல் வைப்பின், படிப்பவர் அவை இருவேறு பொருள்கள் என மயங்குவார். தன் சொல் ஏற்கப்பெறாதவர் சினந்து விலகுவதினும், அடுத்த பதிப்புக்கு அதனை மீண்டும் கொண்டுவருதல் சிறந்தது. வெளியீட்டுக் குழுவின் மறுப்பைப் பொறுத்துக்கொள்ளும் நிரலாளரின் அடக்கம் சொல்லாய்வோர்க்கும் வேண்டும்.

செய்யத் தக்கவை எளியவையே. ஊர்தோறும் உள்ள மன்றங்கள் தம் நாட்காட்டியில் பொங்கலையும் மொழிப்போர் ஈகியர் நாளையும் குறிப்பதோடு, சொற்றொடர் உறைவு நாளையும் குறித்து வைக்க. ஐயக்குறியிட்ட தொடர்களைத் திங்களுக்கு ஒருமுறை கூடித் தீர்க்க. ஒருவர் பெயர்த்ததை மற்றொருவர் பிழைதிருத்துக. தமிழறிந்தார் நிரலறிந்தாரோடும், நிரலறிந்தார் தமிழறிந்தாரோடும் ஒரே பலகையில் அமர்க. முழுமையுற்ற பதிப்பை வெளியீட்டுக்கு முன்னரே தம் பொறியில் நிறுவிப் பார்த்து, எழுத்து உடைவதையும் தொடர் வெட்டுறுவதையும் பிழைப்பட்டியலில் எழுதுக. இவற்றுள் எதற்கும் பெரும்பொருள் வேண்டுவதில்லை. எவர் இசைவும் வேண்டுவதில்லை.

அயல்மொழி ஆட்சியை எதிர்த்துத் தமிழர் போராடிய களங்களில் எதிரில் ஒரு பகைவன் இருந்தான். இக்களத்தில் பகைவன் இல்லை; திறந்த கதவும் குறித்த நாளுமே உள்ளன. 13ஆம் பதிப்பு வெளிவந்துவிட்டது; அடுத்த பதிப்பின் ஆக்கம் அன்றே தொடங்கிவிட்டது. அதன் உறைவு நாள் வருமுன் தமிழ்த்தொடர்கள் ஒன்று குறையாமல் அணியமாகுக! நாள் தவறாது வினைபுரிவோர் கையில் தமிழ் நிலைபெறுக!