காலைக் காப்போம்!
(தோட்டக் கிளைக் கூட்டத்தில் ஆற்றிய உரையின் சுருக்கம்)



பால்வெட்டுத் தொழிலாளிக்குக் கால்தான் முதல். அந்தக் காலையே பறிக்கும் நோய் இனிப்புநீர். அது பாதத்தை மரத்துப்போகச் செய்கிறது. இரத்த ஓட்டத்தைக் குறைக்கிறது. முள் தைத்தாலும் வலி தெரியாது. பிராணவாயு எட்டாத சதையில் புண் ஆறாது. முடிவில் காலையே வெட்ட நேர்கிறது.

இத்தகைய புண்ணுக்கு அழுத்த அறைச் சிகிச்சை உண்டு. மூடிய அறையில் காற்றழுத்தத்தை இரண்டு மடங்குக்கு உயர்த்தி, தூய பிராணவாயுவைச் சுவாசிக்க வைப்பார்கள். அது இரத்தநீரில் கரைந்து புண்வரை செல்கிறது. ஒரு தடவைக்கு ஏறக்குறைய ஒன்றரை மணி நேரம். 30, 40 தடவைகள் தேவைப்படலாம்.

ஆனால், இது மந்திரமல்ல. 2010இல் வெளியான சுவீடன் ஆய்வில் இச்சிகிச்சை பெற்றோரில் 52 விழுக்காட்டினருக்கும், அறையில் வெறும் காற்றைச் சுவாசித்தோரில் 29 விழுக்காட்டினருக்கும் புண் ஆறியது. 2018இல் வெளியான ஹாலந்து ஆய்விலோ கால் தப்புவதில் திட்டமான வேறுபாடு தெரியவில்லை. ஆகவே சர்க்கரையைக் கட்டுப்படுத்துவதும், புண்ணைச் சுத்தம் செய்வதும், அடைபட்ட இரத்தக்குழாயைத் திறப்பதுமே முதல் வேலை.

"சம்பளம் போய்விடுமே" என்று புண்ணை மறைக்காதீர்கள். மருத்துவர் சீட்டு இருந்தால், நம் நாட்டின் 1955ஆம் ஆண்டு வேலைச் சட்டப்படி சேவைக்காலத்தைப் பொறுத்து ஆண்டுக்கு 14 முதல் 22 நாள் வரை சம்பளத்துடன் விடுப்பு உண்டு. மருத்துவமனையில் தங்க நேர்ந்தால் 60 நாள் வரை உண்டு. அது பிச்சையல்ல, உரிமை! கிராணிமார்களே, இதைத் தொழிலாளருக்கு எடுத்துச் சொல்லுங்கள்.

தினமும் பாதத்தைப் பாருங்கள். சிறு புண்ணாயினும் உடனே மருத்துவரிடம் காட்டுங்கள்.