கோத்தகிரியில் ஒரு பசறைப் பெண்



வெளிநாட்டில் வாழும் நம் மலையகப் பெண்களைப் பற்றிப் பேசச் சொன்னீர்கள். குவைத்துக்கும் சவூதிக்கும் போனவர்களுக்கு முன்பே கப்பலேறியவர்களைப் பற்றிப் பேசுகிறேன்.

1964 அக்டோபர் 30இல் இலங்கைப் பிரதமர் சிறிமாவும் இந்தியப் பிரதமர் சாஸ்திரியும் மலையகத் தமிழரைப் பங்கிடும் ஒப்பந்தத்தில் ஒப்பமிட்டார்கள். இந்தியாவுக்கு 5,25,000 பேர், இலங்கைக்கு 3,00,000 பேர். மிச்சமிருந்த 1,50,000 பேரைப் பத்து வருடம் கழித்து ஆளுக்குப் பாதியாகப் பங்கிட்டார்கள். சம்பந்தப்பட்ட மக்களைக் கேட்காமலே போட்ட கணக்கு அது.

என் பெரியம்மா அந்தக் கணக்கில் ஒருத்தி. பசறைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டத்தில் பிறந்தவர். பஞ்சம் வாட்டிய எழுபதுகளில் பதுளை ஸ்டேஷனில் கோச்சி ஏறினார். ஏறியவர்களும் வழியனுப்பியவர்களும் கதறிய கதறலில் 'ஒப்பாரிக் கோச்சி' என்றே அதற்குப் பெயர் விழுந்தது. பொல்காவலையில் வடக்கே திரும்பி, தலைமன்னார் போய், கப்பலில் இராமேஸ்வரம், அப்புறம் மண்டபம் முகாம். கடைசியில் நீலகிரியின் கோத்தகிரியில் மறுபடியும் கொழுந்து பறிப்புதான். இப்படிப் போனவர்களுக்காகத் தமிழ்நாடு அரசு 1968இல் தொடங்கிய டேன்டீ தேயிலைத் தோட்டம். அங்கே அவர் இன்றும் 'சிலோன்கார அம்மா'.

எந்த நாட்டுக் குடியுரிமைக்கு எழுதிப் போடுவது என்று முடிவெடுத்த நாட்களைப் பற்றி அவர் எனக்குச் சொன்னது இது: "ஒந் தாயி இலங்கைக்கு எழுதிப் போட்டா, நான் இந்தியாவுக்கு எழுதிப் போட்டேன். ஆத்தாவ யாரு வச்சிக்கிறதுன்னு ரெண்டு பேரும் விடிய விடியப் பேசுனோம்." பாட்டி இங்கே, இலங்கையிலேயே தங்கினார். அவர் இறந்த செய்தி கோத்தகிரிக்குப் போய்ச் சேர்ந்தபோது இங்கே கருமாதியே முடிந்துவிட்டது.

ஒப்பந்தத்தைப் பற்றி நூல்கள் இருக்கின்றன. அக்காளும் தங்கையும் தாயைப் பங்கு பேசிய அந்த இரவை எந்த நூலில் தேடுவேன்? ஒரு பெண்ணின் முகத்தை விட்டு விலகாத, பொறுமையான ஆவணப்படம் ஒன்றுதான் அதைத் தாங்கும். அரசியல்வாதியிடம் கேட்பதை அவரிடம் கேட்காதீர்கள். லயக் காம்பராவில் யார் எங்கே படுத்தார்கள், பெட்டியில் எதை எடுத்து வைத்தார், எதை விட்டுப் போனார் என்று கேளுங்கள். அவர் அடுப்பை மூட்டட்டும், நடுவில் பேச்சை நிறுத்தட்டும். அவசரப்பட்டு கேமராவை மூடிவிடாதீர்கள்.

இருபது வயதில் கப்பலேறியவர்களுக்கு இப்போது எழுபது. பிள்ளைகளே, உங்கள் குடும்பத்திலும் ஒருவர் கூடலூரிலோ வால்பாறையிலோ இருப்பார். போக முடிந்தவர்கள் போங்கள். முடியாதவர்கள் போனிலாவது கூப்பிட்டுப் பேசவிட்டுப் பதிவு செய்யுங்கள். இந்த வருடமே செய்யுங்கள்.