முடியாத வகுத்தல்



கல்வியின் சிறப்பை எடுத்துரைக்க இம்மேடையில் பலர் உள்ளனர். நாம் ஒரு கணக்கைப் பற்றி மட்டும் பேச விரும்புகின்றோம்.

சில ஆண்டுகளுக்கு முன் நம் வகுப்பில் ஒரு சிறுமி இரண்டை மூன்றால் வகுத்துக்கொண்டிருந்தாள். 0.666 என ஆறு ஆறாகவே வந்தது. தாளின் ஓரம் வரை போட்டவள் அனைத்தையும் அழித்துவிட்டாள். கேட்டதற்கு, “தப்பாப் போட்டுட்டேன் ஐயா, எனக்குக் கணக்கு வராது” என்றாள். கணக்கு சரியாகவே இருந்தது. முடிவுறாத வகுத்தலும் உண்டு என்று அவளுக்கு யாரும் சொல்லவில்லை; சொல்லாதவர்களுள் நாமும் ஒருவர்.

எது முடியும், எது முடியாது என்பதை வகுக்காமலேயே அறியலாம். பின்னத்தை முதலில் சுருக்க வேண்டும். பின்பு கீழுள்ள பகுதியைப் பகாக் காரணிகளாகப் பிரிக்க வேண்டும். இரண்டும் ஐந்தும் தவிர வேறு காரணி இல்லையெனில் தசமம் முடிவுறும். அப்பகுதியைத் தக்க எண்ணால் பெருக்கி 10, 100, 1000 என ஆக்கிவிடலாம் அன்றோ? வேறு காரணி எஞ்சினால் தசமம் சுழலும். ஒன்றை ஏழால் வகுத்துப் பாருங்கள். மீதியாக 1 முதல் 6 வரையே வர முடியும். ஆகவே பழைய மீதி ஒன்று திரும்பி வந்தே தீரும். 142857 என்னும் இலக்கங்கள் சுற்றிச் சுற்றி வரும்.

நம் வட்டாரப் பெற்றோர் பலருக்குக் கோழிப்பண்ணையே பிழைப்பு. அட்டை ஒன்றுக்கு 30 முட்டை. ஒரு முட்டை 1/30 அட்டை. 30இல் மூன்று இருப்பதால் 0.0333 எனச் சுழலும். ஆனால் 12 முட்டை? 12/30ஐச் சுருக்கினால் 2/5, 0.4 என முடிந்துவிடும். சுருக்காமல் தீர்ப்புச் சொல்பவர் வழுக்கும் இடம் இதுவே. ஆசிரியர்களும் வழுக்கியதுண்டு.

பழந்தமிழ்க் கணக்கில் மாகாணி 1/16, மா 1/20, காணி 1/80, முந்திரி 1/320. எல்லாவற்றிலும் இரண்டும் ஐந்துமே காரணிகள். ஆகவே முந்திரியும் 0.003125 என முடிகின்றது. இக்கணக்கைத் திண்ணைப் பள்ளிகள் கற்பித்தன. அத்திண்ணைகளில் நம் பாட்டன்மார்க்கு இடம் இல்லை. கூலி அளந்தவர் சொன்னதே அவர்களுக்குக் கணக்காயிற்று.

1957 ஏப்ரல் முதல் நாள் நயா பைசா வந்தது. 16 அணா 100 நயா பைசா ஆயிற்று. ஓர் அணா 6.25. மாற்று அட்டவணைப்படி ஓர் அணாவுக்கு 6, நான்கு அணாவுக்கு 25. நான்கு அணாவை ஒன்றாகப் பெற்றவருக்கு 25 கிடைத்தது. நான்கு நாள் அணா அணாவாகப் பெற்றவருக்கு 24தான். புள்ளிக்குப் பின் உள்ளதைப் படிக்கத் தெரிந்தவரே அந்த ஒரு காசைப் பற்றிக் கேட்க முடியும்.

அச்சிறுமிக்கு, ஆறின் தலைமேல் ஒரு கோடு இட்டால் போதும் என்று காட்டினோம். மறுநாள் அவள் 5/12ஐப் போட்டுவந்தாள். 0.41666. “நாலும் ஒண்ணும் திரும்ப வரலையே ஐயா, கோட்டை எங்கே போடுறது?” என்றாள். 12இல் உள்ள இரண்டு இரண்டுகளால் முதல் இரு இலக்கங்கள் வெளியே நிற்கின்றன. மூன்றே சுழல வைக்கின்றது. கோடு ஆறின் மேல் மட்டும் என்றோம். இம்முறை அவள் எதையும் அழிக்கவில்லை.