மறைமலைநகரிலிருந்து வந்த வண்டி

உத்தியோக நிமித்தம் தமிழகத்தை விட்டு வந்து, வடக்கிலும் மேற்கிலும் குடித்தனம் நடத்தும் நம்மவருக்கு மோட்டார் வாங்குவதில் ஒரு தனிச் சங்கடம் உண்டு. வண்டி நம்மோடு ஊர் ஊராக மாற வேண்டும். மழைக்காலத்தில் தெருவில் முழங்கால் அளவு தேங்கும் நீரில் இறங்கி ஏற வேண்டும். விடுமுறை வந்தால் வயதான பெற்றோரையும், ஊறுகாய் ஜாடிகளையும், திருமண ஜவுளி மூட்டைகளையும் ஏற்றிக்கொண்டு இரண்டாயிரம் கிலோமீட்டர் ஓடவும் வேண்டும். அடுக்குமாடி வீட்டின் சந்தில் அடங்கும் அளவுக்குச் சிறியதாகவும், மேடு பள்ளத்தில் அடி தட்டாத அளவுக்கு உயரமாகவும் ஒரு வண்டி வேண்டும் என்று நாம் பல காலம் தேடிக்கொண்டிருந்தோம். அந்தத் தேவைக்குப் பொருந்தி வந்தவற்றுள் முதலில் பெரும் பெயர் எடுத்தது ஃபோர்டு ஈகோஸ்போர்ட். 2014 நவம்பரில், டில்லியில் இருந்தபோது, நாங்களும் அதன் டீசல் வகையொன்றை வாங்கினோம்.

இந்த வண்டியின் பூர்வீகம் பிரேசில். அங்கே 2003-ல் முதல் ஈகோஸ்போர்ட் வெளிவந்தது. இரண்டாம் தலைமுறை வண்டியை 2012 ஜனவரியில் டில்லி மோட்டார் கண்காட்சியில் காட்டினார்கள். 2013 ஜூன் மாதம் விற்பனை தொடங்கியது. ஆரம்ப விலை 5 லட்சத்து 59 ஆயிரம் ரூபாய். நான்கு மீட்டருக்கு உட்பட்ட நீளமும், 1,200 கன சென்டிமீட்டருக்கு மேற்படாத பெட்ரோல் எஞ்சின் அல்லது 1,500-க்கு மேற்படாத டீசல் எஞ்சினும் கொண்ட கார்களுக்கு 2006 முதல் உற்பத்தி வரியில் சலுகை இருந்தது. அந்த வரம்புக்குள் அடங்கும்படி வண்டியை 3,999 மில்லிமீட்டரில் நிறுத்தினார்கள். ஒரு மில்லிமீட்டர் மிச்சம்! வரிச் சட்டம் ஒரு வண்டிக்கு உருவம் கொடுத்தது என்றால் மிகையாகாது.

இது செய்யப்பட்ட இடம் செங்கற்பட்டுக்கு அருகிலுள்ள மறைமலைநகர். தனித்தமிழ் இயக்கத்தின் தந்தையாகிய மறைமலையடிகளின் பெயரைத் தாங்கிய ஊரிலிருந்து, 'ஈகோஸ்போர்ட்' என்ற பெயருடன் ஒரு வண்டி உலகமெல்லாம் போயிற்று என்பதை எண்ணும்போதெல்லாம் எங்களுக்குச் சிரிப்பு வரும். 2018 முதல் அமெரிக்காவில் விற்ற ஈகோஸ்போர்ட்டுகளும் அங்கிருந்தே கப்பல் ஏறியவைதாம். டில்லித் தெருவில் அந்த வண்டியைக் காணுந்தோறும் நம்மூர்க்காரர் ஒருவரைக் கண்டது போன்ற உணர்ச்சி ஏற்பட்டதை மறைப்பதற்கில்லை. ஆனால் ஊர்ப்பாசத்தை வைத்து எஞ்சினை மதிப்பிடலாகாது. ஆகவே குணமும் குற்றமும் இரண்டையும் சொல்லிவிடுகிறோம்.

குணங்களுள் முதன்மையானது அதன் நடை. தரைக்கும் அடிப்பாகத்துக்கும் இடையே 200 மில்லிமீட்டர் இடைவெளி. குண்டும் குழியுமான சாலையில் உள்ளே இருப்பவர்க்கு அலுப்புத் தெரியாது. நெடுஞ்சாலையில் ஸ்டீயரிங் சொன்னபடி கேட்கும். எங்கள் கணக்கு நோட்டில் குறித்தபடி நகருக்குள் லிட்டருக்கு 14 அல்லது 15 கிலோமீட்டரும், வெளியே 19 வரையிலும் கொடுத்தது. குறை என்று பார்த்தால், பின் இருக்கையில் மூவர் உட்கார்ந்தால் நடுவில் இருப்பவர் பாடு திண்டாட்டந்தான். ஸ்டெப்னியைப் பின்கதவில் தொங்கவிட்டு, அக்கதவைப் பக்கவாட்டில் திறக்கும்படி அமைத்திருக்கிறார்கள். பார்க்க அழகு. பின்னால் வேறொரு வண்டி ஒட்டி நின்றுவிட்டாலோ, டிக்கியில் இருக்கும் காய்கறிப் பையை எடுக்க அந்த வண்டிக்காரர் வரும்வரை காத்திருக்க வேண்டும்.

நம்பகம் என்ற விஷயத்தில் எல்லா ஈகோஸ்போர்ட்டையும் ஒரே தராசில் நிறுத்தக் கூடாது. எந்த எஞ்சின், எந்தக் கியர்ப்பெட்டி என்று பார்த்தே பேச வேண்டும். பழைய வண்டி வாங்க நினைப்பவர்கள் இதைக் கவனித்துக் கேட்கவேண்டும். முதலில் வந்த பெட்ரோல் வண்டிகளில் இரட்டைக் கிளட்சு கொண்ட தானியங்கிக் கியர்ப்பெட்டி ஒன்று இருந்தது. அந்த வகைப் பெட்டி பல நாடுகளில் புகாருக்கு இடமாயிற்று. ஆஸ்திரேலியாவில் ஈகோஸ்போர்ட் உட்பட மூன்று வகை வண்டிகளின் உரிமையாளர்களுடைய புகார்களை நியாயமின்றிக் கையாண்டதற்காக, 2018-ல் அந்நாட்டு நீதிமன்றம் கம்பெனிக்கு ஒரு கோடி ஆஸ்திரேலிய டாலர் தண்டம் விதித்தது. 2017 நவம்பரில் இங்கே வந்த திருத்தப் பதிப்பில் அதை நீக்கி, பழைய முறையான டார்க் கன்வெர்ட்டர் பெட்டியை வைத்தார்கள். தானியங்கி வேண்டுமென்றால் இந்தப் பிற்பட்ட வண்டியைத் தேடுவதே நலம். 2016-ல் பிரேக் குழாயும் எரிபொருள் குழாயும் செல்லும் அடிக்கட்டைச் சீர்செய்வதற்காக ஏறத்தாழ நாற்பத்தெட்டாயிரம் டீசல் வண்டிகளைத் திரும்ப அழைத்தார்கள். அக்காலத்து வண்டியை வாங்குபவர் அந்த வேலை நடந்ததா என்பதற்கு ரசீது கேட்பது முறை.

இனி, பெல்ட் விஷயம். இதைச் சற்று விரிவாகவே சொல்ல வேண்டும்.

எஞ்சினுக்குள்ளே பிஸ்டன்கள் மேலும் கீழும் ஓடுகின்றன. அவற்றுக்கு மேலே வால்வுகள் திறந்து மூடுகின்றன. இவ்விரண்டும் தாளம் தவறாமல் இயங்கும்படி கட்டிவைப்பது பற்கள் கொண்ட ஒரு பெல்ட். இதை டைமிங் பெல்ட் என்பார்கள். ஓடும்போது அது அறுந்துவிட்டால், திறந்து நிற்கும் வால்வின்மேல் பிஸ்டன் வந்து மோதும். பிறகு எஞ்சினை இறக்கிப் பிரித்துத்தான் ஆகவேண்டும். பழைய வண்டியாயின் அந்தச் செலவு வண்டியின் விலையையே எட்டிப் பிடித்துவிடும். டீசல் வண்டியில் இந்தப் பெல்ட் எஞ்சினுக்கு வெளிப்புறத்தில், மூடிக்குள் உலர்ந்த நிலையில் ஓடுகிறது. தண்ணீர்ப் பம்பையும் அதுவே சுழற்றுகிறது. ஒரு லிட்டர் டர்போ பெட்ரோல் எஞ்சினிலும், 2017-க்குப் பின் வந்த மூன்று சிலிண்டர் பெட்ரோல் எஞ்சினிலும் பெல்ட் எண்ணெயிலேயே நனைந்து ஓடுகிறது. இது சத்தத்தையும் உராய்வையும் குறைக்கும். ஆனால் கையேட்டில் குறித்த தரத்து எண்ணெயை விட்டு வேறொன்றை ஊற்றினாலும், மாற்றும் தவணையைத் தள்ளிப்போட்டாலும் ரப்பர் ஊறி உதிரும். உதிர்ந்த துகள்கள் எண்ணெய்ப் பம்பின் வலையை அடைக்கும். எண்ணெய் ஏறாத எஞ்சின் சிறிது தூரத்தில் இறுகிப்போகும். அமெரிக்காவில் 2023 இறுதியில் ஒரு லிட்டர் எஞ்சின் கொண்ட ஒரு லட்சத்து முப்பதாயிரத்துக்கும் மேற்பட்ட வண்டிகளைத் திரும்ப அழைத்தார்கள். அவற்றுள் ஈகோஸ்போர்ட்டும் உண்டு. எண்ணெய்ப் பம்பை ஓட்டும் பெல்ட்டும் அதை இழுத்துப்பிடிக்கும் உறுப்புந்தான் அங்கே காரணம். பெட்ரோல் வண்டி வைத்திருப்பவர்கள், தெருமுனைக் கடையில் மலிவாகக் கிடைக்கிறது என்று எந்த எண்ணெயையும் ஊற்ற விடாதீர்கள்.

எங்களுக்கு இந்தப் பெல்ட் கற்றுக்கொடுத்த பாடம் வேறு வகையானது. டீசல் வண்டிக்குப் பத்து ஆண்டுதான் ஆயுள் என்று டில்லிப் பிரதேசத்தில் 2015-ல் தேசியப் பசுமைத் தீர்ப்பாயம் ஆணையிட்டது. 2018-ல் உச்ச நீதிமன்றமும் அதை உறுதிசெய்தது. எங்கள் வண்டிக்கு 2024 நவம்பரில் பத்து நிறையும். ஓடியிருந்ததோ 92 ஆயிரம் கிலோமீட்டர். விற்கப் போனால் ஒன்றரை லட்சத்துக்கு மேல் எவரும் வாய் திறக்கவில்லை. அதே சமயத்தில் நாகபுரிக்கு மாற்றல் வந்தது. சரி, வண்டியையும் உடன் கொண்டுபோவோம் என்று தீர்மானித்தோம்.

புறப்படுமுன் பெயர்பெற்ற பட்டறை ஒன்றில் வண்டியை விட்டு, டைமிங் பெல்ட்டையும் தண்ணீர்ப் பம்பையும் மாற்றச் சொன்னோம். இரண்டு நாள் கழித்துப் பளபளவென்று கழுவித் தந்தார்கள். ரசீதில் பெல்ட், பம்பு, கூலி எல்லாம் வரிசையாக இருந்தன. பணத்தைக் கட்டிவிட்டு அக்டோபர் மாதம் ஒரு விடியற்காலையில் கிளம்பினோம். ஆக்ரா, குவாலியர், ஜான்சி வழியாகச் சாகரில் இரவு தங்கினோம். மறுநாள் சிவனியைத் தாண்டியதும் பேஞ்ச் காடு. புலிகளும் மான்களும் கீழே கடந்து போகும்படி 44-ஆம் எண் நெடுஞ்சாலையையே அங்கங்கே தூக்கிக் கட்டியிருக்கிறார்கள். அந்தக் காட்டுக்குள்ளேதான் முன்புறத்திலிருந்து மெல்லிய விசில் போன்ற ஓசை கேட்கத் தொடங்கிற்று. எண்பது வயதைக் கடந்த தாயார் பின் இருக்கையில் உறங்கிக்கொண்டிருந்தார். புதுப் பெல்ட் அல்லவா, பழகட்டும் என்று நாங்களே சமாதானம் செய்துகொண்டு ஓட்டினோம்.

நாகபுரியில் காம்ட்டி சாலையருகே ஒரு சிறு பட்டறை. அங்கிருந்த மராட்டிய இளைஞர் சத்தத்தைக் கேட்டதும் பேசாமல் மூடியைக் கழற்றினார். கைவிளக்கை உள்ளே பிடித்து, "காகா, இதை எப்போது மாற்றினீர்கள்?" என்று கேட்டார். (சிற்றப்பனை அவர்கள் காகா என்பார்கள், தலை நரைத்தவர் எல்லாருக்கும் அந்த மரியாதை உண்டு.)

"பத்து நாள் முந்தித்தான், தம்பி. ரசீது இருக்கிறது."

"ரசீது இருக்கட்டும். பெல்ட்டைப் பாருங்கள்."

பார்த்தோம். முதுகெல்லாம் பாளம் பாளமாக வெடித்து, ஓர் ஓரத்தில் நூல் பிரிந்து தொங்கியது. அதன்மேல் அச்சிட்டிருந்த ஆண்டு 2014. பம்பும் பழையதே, அதன் பேரிங்கு தேய்ந்ததால் வந்த ஓசைதான் விசில். ஏறத்தாழ ஆயிரத்து நூறு கிலோமீட்டரை, அந்தக் காட்டையும் சேர்த்து, அந்த நூலை நம்பியே கடந்திருக்கிறோம். டில்லிப் பட்டறைக்கு எழுதினோம். முதலில் மறுத்தார்கள், படங்களை அனுப்பியபின் பாதிப் பணம் திரும்பி வந்தது. மீதியை நாங்கள் தொடரவில்லை. தொடர்ந்திருக்க வேண்டும் என்று வீட்டில் இன்றும் ஒரு கட்சி உண்டு. வேலை முடிந்தால் கழற்றிய பழைய உறுப்பைக் கையில் கொடு என்று கேட்க அன்று எங்களுக்குத் தோன்றவில்லை. இப்போது எண்ணெய் வடிகட்டியைக்கூடக் கேட்டு வாங்கிப் பார்க்கிறோம்.

மாநிலம் விட்டு மாநிலம் வண்டி கொண்டுவந்தவர்க்கு ஆர்.டி.ஓ. காரியம் தெரிந்ததே. பன்னிரண்டு மாதத்துக்கு மேல் வேறு மாநிலத்தில் வைத்திருந்தால் புதுப் பதிவெண் வாங்க வேண்டும். அதற்குப் பழைய இடத்திலிருந்து தடையின்மைச் சான்று வேண்டும். டில்லிக்காரர் பத்து ஆண்டு நிறையுமுன்பே இதைப் பெற்றுவிடுவது நிம்மதி. மகாராஷ்டிரத்தில் வண்டியின் வயதுக்கேற்பக் குறைத்துக் கணக்கிட்ட வரியைக் கட்டினோம். புதிதாக வாங்குவோருள் மத்திய, மாநில அரசு ஊழியர்களுக்கும், நான்கு அல்லது அதற்கு மேற்பட்ட மாநிலங்களில் அலுவலகம் உள்ள கம்பெனி ஊழியர்களுக்கும் 2021 முதல் 'பி.எச்.' வரிசை எண் கிடைக்கிறது. இரண்டிரண்டு ஆண்டாக வரி கட்டி, மாற்றலாகும் ஊரெல்லாம் அதே எண்ணோடு போகலாம். நாங்கள் புறப்பட்டு ஓராண்டு ஆகுமுன், 2025 ஆகஸ்டில், பழைய வண்டிக்காரர்மீது கடும் நடவடிக்கை வேண்டாமென்று உச்ச நீதிமன்றம் இடைக்கால ஆணை பிறப்பித்தது வேறு கதை. அதன் பின்னுள்ள நிலையை அங்கிருப்பவர்கள் அவ்வப்போது விசாரித்துக்கொள்ள வேண்டும்.

எல்லாவற்றுக்கும் மேலாக ஒரு கேள்வி எழும். செய்த கம்பெனியே 2021 செப்டம்பரில் இந்தியாவில் வண்டி செய்வதை நிறுத்துவதாக அறிவித்துவிட்டதே. 2022 ஜூலையில் கடைசி ஈகோஸ்போர்ட்டும் மறைமலைநகரை விட்டு வெளியேறிவிட்டதே. இனி உறுப்புகளுக்கு எங்கே போவது? நேற்றுவரை அங்கே வேலை பார்த்த ஆயிரக்கணக்கான குடும்பங்களின் கவலைக்கு முன் நம் கவலை சிறியதுதான். சேவையும் உதிரி உறுப்பும் தொடரும் என்று கம்பெனி சொல்லிற்று. எங்கள் அனுபவத்தில் பெல்ட், வடிகட்டி, பிரேக் கட்டை, கிளட்சு இவற்றுக்குத் தட்டுப்பாடு இல்லை. இதே டீசல் எஞ்சின் ஃபிகோவிலும் ஆஸ்பயரிலும் ஓடியது ஒரு காரணம். பின்கதவு, விளக்குக் கூடு போன்ற உடற்பகுதிகளுக்குக் காத்திருக்க வேண்டியிருக்கிறது. முகவர் நிலையங்கள் குறைந்துவிட்டதால் சிற்றூர்களில் இருப்போர் பெருநகருக்கு வர வேண்டும். அந்தத் தொழிற்சாலையில் எஞ்சின் செய்வதற்காக 2025 அக்டோபரில் தமிழக அரசோடு புது ஒப்பந்தம் ஆகியிருக்கிறது. 3,250 கோடி ரூபாய் முதலீடு, 2029-ல் உற்பத்தி என்கிறார்கள். அது நம் பழைய வண்டிக்குப் பயன்படுமென்று எண்ணி எவரும் காத்திருக்க வேண்டாம்.

எங்கள் வண்டி இப்போது ஒரு லட்சத்தைத் தாண்டிவிட்டது. வெடித்த பெல்ட்டைக் காம்ட்டி சாலை இளைஞர் ஒரு காகிதத்தில் சுற்றிக் கொடுத்தார். அது டிக்கியில் கிடக்கிறது. பொங்கலுக்கு ஐதராபாத், பெங்களூர் வழியாக மதுரைக்குப் போகவேண்டும் என்று தாயார் சொல்லிக்கொண்டிருக்கிறார். அதற்குமுன் முன்சக்கரத்துப் பிரேக் கட்டைகளை மாற்ற வேண்டும். அடுத்த சனிக்கிழமை வரச் சொல்லியிருக்கிறார் அந்தத் தம்பி.