துருசின் திறவுகோல் யார் கையில்?

கணனி யுகத்தில் தேசப் பாதுகாப்பு

(பொறியியலாளரும் கமக்காரரும் கலந்துகொண்ட கூட்டமொன்றில் நிகழ்த்தப்பெற்ற சொற்பொழிவு)



தேசப் பாதுகாப்பு என்றதும் எல்லையில் நிற்கும் படைவீரனும் கடலில் நிற்கும் போர்க்கப்பலுமே நம் கண்முன் தோன்றுகின்றன. அவை வேண்டாதவை என்று சொல்ல நான் வரவில்லை. ஆனால் ஒரு நாட்டின் உயிர்நாடி இன்று வேறு இடங்களிலும் ஓடுகின்றது. மின்சாரத்தைப் பகிர்ந்தளிக்கும் நிலையங்களிலும், குடிநீரை ஏற்றும் யந்திரங்களிலும், துறைமுகங்களின் கணக்கேடுகளிலும் அது ஓடுகின்றது. இவற்றை இயக்குவன கணனிகள். அக்கணனிகள் யாருடைய சொற்படி இயங்குகின்றன என்பதே இன்று நான் எழுப்ப விரும்பும் வினா.

கமக்காரப் பெருமக்கள் பலர் இங்கு வீற்றிருக்கின்றனர். குளத்தைப் பற்றி அவர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. கட்டு எவ்வளவு உயரமாயினும் துருசின் திறவுகோல் பிறன் கையிற் சிக்கிவிட்டால் அந்த நீர் நமக்குரியதன்று. கட்டு, துருசு, வான், வாய்க்கால், அவற்றைப் பார்த்துக்கொள்ளும் மனிதன் ஆகிய அனைத்தும் சேர்ந்ததே குளம். ஒன்றைப் பலப்படுத்தி மற்றொன்றை மறந்தால், மறந்த இடத்திலேதான் உடைப்பெடுக்கும்.

இவ்வுண்மையையே பொறியியலாளர் 'அமைப்புப் பொறியியல்' என்னும் பெயரால் வழங்குகின்றனர். 1950களில் ஐக்கிய அமெரிக்கா 'சேஜ்' எனப்பட்ட வான்காப்பு அமைப்பை நிறுவ முற்பட்டபோது, றேடார் நிலையங்கள், தொலைபேசிக் கம்பிகள், பெருங்கணனிகள், திரைமுன் அமர்ந்த காவலர், போர்விமானங்கள் ஆகிய யாவற்றையும் ஓருடலின் உறுப்புகளாகக் கருத வேண்டியதாயிற்று. இத்தகைய பெருவேலைகளினூடாகவே இத்துறை வளர்ந்தது.

உக்ரெயின் தரும் பாடம்

இனி, அண்மைக்கால வரலாற்றிலிருந்து ஓர் உதாரணம் காட்டுவேன். 2015 டிசெம்பர் 23ஆம் திகதி பிற்பகல், உக்ரெயின் நாட்டின் மேற்கிலுள்ள மின்விநியோகக் கம்பனி ஒன்றின் கட்டுப்பாட்டறையில் இருந்தோர் ஒரு விந்தையைக் கண்டனர். கணனித் திரையில் சுட்டுக்குறி தானாகவே நகர்ந்தது. உபமின்நிலையங்களின் ஆளிகளை ஒன்றன்பின் ஒன்றாகத் திறந்து மின்னோட்டத்தைத் துண்டித்தது. தொலைவில் எங்கோ இருந்த ஒருவன் அந்த அறையின் அதிகாரத்தைத் தன் கையில் எடுத்துக்கொண்டான். அன்று மூன்று கம்பனிகள் தாக்கப்பட்டன. ஏறத்தாழ 225,000 பாவனையாளர் மாரிக்காலக் குளிரில் மின்சாரமின்றித் தவித்தனர்.

இது ஒருநாளில் விளைந்த வினையன்று. பல மாதங்களுக்கு முன்னரே அக்கம்பனிகளின் அலுவலர்களுக்குச் சாதாரண ஆவணங்கள் போன்ற மின்னஞ்சல்கள் வந்தன. அவற்றைத் திறந்தவுடன் கள்ள நிரல் உட்புகுந்தது. அதன் வழியே கடவுச்சொற்கள் களவாடப்பட்டன. அலுவலகக் கணனிகளுக்கும் மின்னாளிகளை இயக்கும் கணனிகளுக்கும் இடையே காவல் இருந்தது உண்மை. ஆனால் களவாடிய கடவுச்சொல்லோடு வந்தவனை அக்காவல் வீட்டுக்காரன் என்றே எண்ணி உள்ளே விட்டது. வந்தவன் ஆளிகளைத் திறந்ததோடு நிற்கவில்லை. கணனிகளின் நினைவகங்களை அழித்தான். பொதுமக்கள் முறையிட முடியாதபடி தொலைபேசி நிலையத்தைப் பொய் அழைப்புகளால் நிரப்பினான். முழு அமைப்பையும் ஆராய்ந்து அறிந்தவன் பகைவன். அதனைப் பகுதி பகுதியாக மட்டும் அறிந்திருந்தோர் காவலர். தோல்வியின் காரணம் இதுவே.

ஆயினும் ஒரு மணி முதல் ஆறு மணி நேரத்துக்குள் மின்சாரம் மீண்டது. எவ்வாறு மீண்டது? ஊழியர்கள் உபமின்நிலையங்களுக்கு நேரிற் சென்று, கையினாலேயே ஆளிகளை மீண்டும் மூடினர். கையால் இயக்கும் பழைய முறையும், அதனை அறிந்த மனிதரும் அங்கே எஞ்சியிருந்தமையால் நாடு தப்பியது. பழையது என்று நாம் இகழும் ஒன்றே ஆபத்து வேளையில் அரணாயிற்று.

அடுத்த ஆண்டு, 2016 டிசெம்பர் 17ஆம் திகதி, தலைநகர் கீவின் வடபுறத்து உபமின்நிலையம் தாக்குண்டது. நகரின் ஒரு பகுதி ஏறத்தாழ ஒரு மணி நேரம் இருளில் மூழ்கியது. 2017 ஜூன் 27ஆம் திகதி, உக்ரெயினிற் பரவலாகப் பாவிக்கப்பட்ட கணக்கியல் நிரல் ஒன்றின் வழியே 'நொட்பெட்யா' எனும் நாசகார நிரல் பரப்பப்பட்டது. அது எல்லைகளைத் தாண்டியது. டென்மார்க்கின் மேர்ஸ்க் கப்பற் கம்பனி 4,000 சேவையகக் கணனிகளையும் 45,000 மேசைக் கணனிகளையும் புதிதாக நிறுவ வேண்டியதாயிற்று. அக்கம்பனியின் கணனி வலையைக் கட்டிக்காக்கும் முக்கிய பதிவேட்டின் ஒரே நற்பிரதி கானா நாட்டில் அகப்பட்டது. தாக்குதல் நிகழ்ந்த வேளை அங்கே மின்தடை ஏற்பட்டு, அக்கணனி தொடர்பற்றிருந்ததே அதற்குக் காரணம். செர்னோபில் அணுவுலை வளாகத்திலும் கதிர்வீச்சைக் கணனிகளின்றி மனிதரே அளக்க நேர்ந்தது. 2020 ஒக்டோபரில், இத்தாக்குதல்களின் பேரில் ரஷ்ய இராணுவப் புலனாய்வுப் பிரிவின் ஆறு அதிகாரிகள்மீது ஐக்கிய அமெரிக்கா குற்றம் சுமத்தியது.

அன்பர்களே, இவ்வரலாற்றின் மறுபக்கத்தையும் நாம் காணவேண்டும். 2015இல் ஏற்பட்ட தோல்வியை உக்ரெயின் மூடி மறைக்கவில்லை. வெளிநாட்டு நிபுணரையும் அழைத்துக் காட்டியது. 2016இல் அதன் விவரங்கள் வெளியாகி உலகின் மின்நிலையங்களுக்கு எச்சரிக்கையாயின. 2022 ஏப்ரிலில் அதே வகைத் தாக்குதல் மீண்டும் வந்தபோது அது முறியடிக்கப்பட்டது. குற்றத்தை ஒளித்த காவலனிலும், காயத்தைக் காட்டிய காவலனே நாட்டுக்கு நன்மை செய்தான்.

நாம் கேட்க வேண்டியவை

கணனியை வெறுக்கும்படி நான் கூறவில்லை. உலகம் சென்ற பாதையில் நாமும் செல்லவே வேண்டும். ஆனால் எந்த நாட்டு மக்களாயினும் தம் ஆட்சியாளரிடம் நான்கு வினாக்களைக் கேட்கும் உரிமை உடையவர். அலுவலகக் கடிதம் வரும் வழியும் துருசைத் திறக்கும் வழியும் ஒன்றாயிருப்பது ஏன்? ஒரே கடவுச்சொல்லை நம்பாது இரண்டாவது சான்றும் கேட்கப்படுகின்றதா? கணனி முற்றாகச் செயலிழந்தால் கையினால் இயக்கத்தக்க மனிதர் இருக்கின்றனரா, அவர்கள் அதனை ஆண்டுதோறும் பழகுகின்றனரா? தவறு நேர்ந்தால் அது மக்களுக்கு அறிவிக்கப்படுமா?

செலவைக் குறைப்பதாகச் சொல்லி உபமின்நிலையத்து ஊழியனை வீட்டுக்கு அனுப்பும் ஆட்சி, பீரங்கி வாங்குவதில் எத்தனை கோடி செலவிட்டாலும் நாட்டைக் காத்ததாகாது. பாதுகாப்பென்பது படைமுகாமுக்குள் அடங்கிய இரகசியமன்று. பொறியியலாளன் வரையும் படத்திலும், எழுதுவினைஞன் திறக்கும் கடிதத்திலும், மாரியிருளில் ஆளியை மூடச் செல்லும் தொழிலாளியின் கையிலும் அது தங்கியிருக்கின்றது.

கட்டு உயர்ந்தது கண்டு மகிழ்வோம். ஆனால் திறவுகோல் எங்கே என்பதையும் நாள்தோறும் கேட்போம்.