மலைச்சாலையில் துப்பாக்கி: உரிமம் யாருக்கு, சந்தேகம் யார் மேல்?



1989 செப்டம்பரில் போடிநாயக்கனூரில் மூண்ட சாதிக் கலவரத்தில் உயிரிழந்த நம் மக்களை நினைத்து இவ்வுரையைத் தொடங்குகிறோம். அன்று போடி மதுரை மாவட்டத்தில் இருந்தது. இன்று தேனி மாவட்டத்தில் இருக்கிறது. மாவட்டம் மாறினாலும் சேரியிலிருந்து மலைக்குப் போகும் சாலை அதேதான். விடிவதற்கு முன்பே நம் பெண்கள் ஜீப்பில் நெருக்கியடித்து உட்கார்ந்து, போடிமெட்டு ஏறி, பூப்பாறை, சாந்தன்பாறைப் பக்கத்து ஏலத்தோட்டங்களுக்குப் போகிறார்கள். பொழுது சாய இறங்குகிறார்கள். ஊரில் பதற்றம் வந்தால் வீட்டைவிட ஆபத்தான இடம் இந்த வண்டிதான். 1997 ஜூன் 30 அன்று மேலவளவு ஊராட்சித் தலைவர் முருகேசனும் உடனிருந்த ஐவரும் வெட்டிக் கொல்லப்பட்டது, மதுரையில் ஆட்சியர் அலுவலகம் போய்ப் பேருந்தில் திரும்பிய வழியில்தான் என்பதை நாம் மறக்கவில்லை.

ஆகவே ஒரு கேள்வி. இந்தச் சாலையில், ஒரு வண்டிக்குள், சட்டப்படி துப்பாக்கி கொண்டுபோகக்கூடியவர் யார்?

1959ஆம் ஆண்டு ஆயுதச் சட்டத்தின்படி உரிமம் இல்லாமல் துப்பாக்கி வைத்திருக்க முடியாது. உரிமம் எந்த எல்லைக்குள் செல்லும் என்பது அதிலேயே எழுதப்பட்டிருக்கும். தமிழ்நாட்டுக்கு மட்டும் செல்லும் உரிமத்தோடு போடிமெட்டு சோதனைச் சாவடியைத் தாண்டினால், கேரளத்தில் அது உரிமமற்ற ஆயுதம். 2016ஆம் ஆண்டு ஆயுத விதிகளின்படி பொது இடத்தில் கைத்துப்பாக்கி உறையிலோ பையிலோ முழுவதும் மூடப்பட்டு இருக்க வேண்டும். கொண்டுபோகிறவரின் கட்டுப்பாட்டிலும் இருக்க வேண்டும். ஜீப்பின் முன்பெட்டியில் போட்டுவிட்டு டீக்கடைக்குப் போக முடியாது. போலீஸ் கேட்டால் உரிமத்தைக் காட்ட வேண்டும். திருவிழாவுக்கும் ஊர்வலத்துக்கும் தனி அனுமதியின்றி எடுத்துப் போகக் கூடாது.

இவை எல்லோருக்கும் பொதுவான விதிகள். ஆனால் 20ஆவது பிரிவைப் படியுங்கள். உரிமம் இருந்தாலும், தீய நோக்கத்தோடு ஆயுதம் கொண்டுபோவதாக நியாயமான சந்தேகம் எழுந்தால் பிடியாணை இல்லாமலே கைது செய்யலாம் என்கிறது அது. சந்தேகம் முதலில் யார் மேல் விழும் என்பதை இந்த அரங்குக்கு நாம் விளக்க வேண்டியதில்லை. விவசாய வேலைக்கென்றே உள்ள கருவிகள் இந்தச் சட்டத்தில் ஆயுதமே அல்ல. ஆனாலும் பதற்றமான நாளில் மலைக்குப் போகும் கூலியின் பையில் இருக்கும் அரிவாள் கருவியா ஆயுதமா என்பதை, அவர் எந்தத் தெருவிலிருந்து வருகிறார் என்று கேட்டுத்தான் முடிவு செய்கிறார்கள்.

உரிமம் வழங்குவதிலும் இதே கதைதான். பயிரைக் காக்க நாட்டுத் துப்பாக்கி வேண்டும் என்று நியாயமாகக் கேட்பவருக்கு உரிமம் தர 13ஆவது பிரிவு வழி செய்கிறது. நிலம் இருந்தால்தானே பயிர்? ஏலக்காய்க்குக் காவல் உண்டு, அதைப் பறிக்கும் கைக்குக் காவல் இல்லை. போதிய சொத்து இல்லை என்ற ஒரே காரணத்துக்காக உரிமத்தை மறுக்கக் கூடாது என்று 14ஆவது பிரிவு சொல்வது உண்மைதான். ஆனால் துப்பாக்கியின் விலை, பயிற்சிச் சான்றிதழ், பத்திரமாக வைக்க வீட்டில் இடம், இவற்றுக்கு ஓர் ஏலக்காட்டுக் கூலி எங்கே போவார்?

ஆயுத மறுப்பு சாதியின் பழைய வேலை. கல்வியும் ஆயுதமும் மறுக்கப்பட்டதால்தான் ஒடுக்கப்பட்டோர் கிளர்ந்தெழ முடியாமல் போனது என்று 1936இல் ‘சாதி ஒழிப்பு’ நூலில் அண்ணல் அம்பேத்கர் காட்டினார். பிறப்பை வைத்து ஆயுத உரிமை தருவது இன்றும் தொடர்கிறது. குடகு இனத்தாருக்கு வெள்ளையர் காலத்தில் தந்த உரிம விலக்கை, 2029 வரை நீட்டித்திருக்கிறது இந்திய அரசு.

இதற்கு எதிராக நம் கையில் ஒரு விதி இருக்கிறது. வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் கீழ் 1995இல் வந்த விதிகளில் 3ஆவது விதி. வன்கொடுமையைத் தடுக்க மாநில அரசு செய்ய வேண்டியவற்றை அது வரிசையாகச் சொல்கிறது. வன்கொடுமை நடக்கக்கூடிய பகுதிகளை அடையாளம் காண்பது முதல் வேலை. பிறகு, பட்டியல் சாதி, பழங்குடி அல்லாதோரின் ஆயுத உரிமங்களை ரத்து செய்து ஆயுதங்களை அரசுக் கிடங்கில் சேர்ப்பது. கள்ளத் துப்பாக்கிகளைப் பறிமுதல் செய்வது. அதன் பிறகே, தேவை எனக் கருதினால், பட்டியல் சாதி, பழங்குடி மக்களுக்கு உரிமம் வழங்குவது.

இந்த வரிசை முக்கியம். கடைசி வரியை மட்டும் பிடித்துக்கொண்டு ‘எங்களுக்கும் துப்பாக்கி கொடு’ என்று முழங்குவது எளிது, கைதட்டலும் கிடைக்கும். ஆனால் பதினைந்து பெண்கள் நெருக்கி உட்கார்ந்திருக்கும் ஜீப்பில் ஒரு துப்பாக்கி யாரைக் காக்கும்? ஒரு குண்டு வெடித்தால் அடுத்த நாள் தேடுதல் வேட்டை நம் தெருவில்தான். ஆகவே எதிர்த்தரப்பின் ஆயுதங்களை அகற்றுவதே நம் முதல் கோரிக்கை. பதற்ற நாட்களில் மலை ஏறும் வண்டிகளுக்குப் போலீஸ் காவல் இரண்டாவது. உயிருக்கு நேரடி மிரட்டல் உள்ள ஊராட்சித் தலைவருக்கும் வழக்கின் சாட்சிக்கும் உரிமம் மூன்றாவது. அதை நாம் சலுகையாகக் கேட்கவில்லை. விதியில் இருப்பதால் கேட்கிறோம். கிடைத்தால் சட்டம் சொல்லும் முறைப்படி மூடி, எல்லை பார்த்து, உரிமத்தைக் கையில் வைத்துக்கொண்டுதான் வண்டி ஏற வேண்டும். நம்மவர் ஒருவர் செய்யும் சிறு மீறலும் நம் எல்லோர் மேலும் வழக்காகும்.

மாணவ நண்பர்களுக்கு ஒரு வேலை தருகிறோம். 2005ஆம் ஆண்டு தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் உங்கள் மாவட்டத்தில் மூன்று கேள்விகள் கேளுங்கள். 3ஆவது விதிப்படி எத்தனை உரிமங்கள் ரத்தாயின? எத்தனை கள்ளத் துப்பாக்கிகள் பறிமுதலாயின? நம் மக்களில் எத்தனை பேருக்கு உரிமம் வழங்கப்பட்டது? ஆட்சியர் தலைமையில் மூன்று மாதத்துக்கு ஒருமுறையாவது கூட வேண்டிய விழிப்பு மற்றும் கண்காணிப்புக் குழுவில் அந்தப் பதில்களை வையுங்கள். பதில் ‘இல்லை’ என்று வந்தாலும் அது எழுத்தில் வந்த சாட்சி. அதை வைத்து நீதிமன்றம் போகலாம்.